பக்கத்தில் இன்னொன்று இருக்கிறதா?

காட்டில் அரிய செடி ஒன்று அகப்பட்டது என்று செய்தி வந்தால் தாவரவியலாளர் அதன் இலையையும் பூவையும் கேட்பார். பத்திரிகைக்காரர் கண்டுபிடித்தவரின் படத்தைக் கேட்பார். நாற்றங்கால்காரர் கேட்பது வேறு: "பக்கத்தில் இன்னொன்று இருக்கிறதா?"

இந்தக் கேள்விக்கு 'இல்லை' என்ற பதிலையே கேட்டுக் கேட்டுப் பழகியவர் இந்தக் கட்டுரையின் நாற்றங்கால்காரர். மொரிசியஸிலும், அந்நாட்டைச் சேர்ந்த ரோட்ரிக்ஸ் தீவிலும் நாட்டுச் செடிகளை நாற்றுவிட்டு வளர்ப்பதையே பிழைப்பாகக் கொண்டிருந்தவர். இப்போது ஓய்வில் இருக்கிறார். கரும்புத் தோட்ட வேலைக்குக் கப்பலேறிப் போன தமிழர்களின் வழிவந்த குடும்பம். வீட்டில் பேசுவது கிரியோல். தமிழ், தைப்பூசக் காவடியின்போது பாடுமளவுக்கு வரும். தன் பெயரைப் போட வேண்டாம் என்றார். "செடியின் பெயரைத் தப்பில்லாமல் போடுங்கள், போதும்."

அவர் சொன்ன செடி ரமோஸ்மானியா ரோட்ரிகேசி. ரோட்ரிக்ஸ்காரர்கள் 'கஃபே மரோன்' என்பார்கள், காட்டுக் காப்பி என்று பொருள். காப்பியும் நம் வெட்சியும் சேர்ந்த குடும்பத்தில் பிறந்த புதர். ஆளுயரத்துக்கு மேல் கொஞ்சம் வளரும். ஐந்து இதழ்களோடு நட்சத்திரம் போல வெள்ளையாய்ப் பூக்கும். ரோட்ரிக்ஸைத் தவிர உலகத்தில் வேறெங்கும் இயற்கையாக வளர்வதில்லை. ரோட்ரிக்ஸ், மொரிசியஸுக்குக் கிழக்கே சுமார் 560 கிலோமீட்டர் தள்ளி, 108 சதுர கிலோமீட்டர் பரப்பில் இந்தியப் பெருங்கடலில் கிடக்கும் எரிமலைத் தீவு. அவ்வளவு சின்ன இடத்திலும் இந்தச் செடி ஒரு கட்டத்தில் ஒன்றே ஒன்றுதான் மிஞ்சியது.

விதைத்தட்டில் கஃபே மரோனைப் பார்க்கும் புது வேலையாள் ஏமாந்துபோவார். குட்டிச்செடியின் இலை நீண்டு ஒடுங்கி, பழுப்பேறி, காய்ந்த சருகு மாதிரி இருக்கும். வளர்ந்த செடியின் இலையோ வட்டமாக, பச்சைப்பசேலென்று பளபளக்கும். இரண்டும் ஒரே செடி என்று சத்தியம் செய்தாலும் நம்பமாட்டார்கள். களை என்று பிடுங்கிவிடுவார்களோ என்ற பயத்தில், ஒவ்வொரு பையிலும் பெயர்ச்சீட்டு செருகாமல் அவர் அன்றைய வேலையை முடித்ததில்லை.

இந்த இரட்டை வேஷத்துக்குக் காரணம் ஆமை என்பது அறிஞர்களின் கருத்து. ரோட்ரிக்ஸில் ஒரு காலத்தில் ராட்சத ஆமைகள் மந்தை மந்தையாக மேய்ந்தன. 1691-ல் அந்தத் தீவில் வந்து இறங்கி இரண்டாண்டு தங்கியிருந்த பிரெஞ்சுக்காரர் பிரான்சுவா லெகா, ஆமை முதுகுகளின் மேலேயே நூறு எட்டுக்கு மேல் நடந்து போகலாம் என்று எழுதி வைத்திருக்கிறார். தரையோடு தரையாக மேயும் ஆமையின் வாய்க்கு எட்டும் உயரம் வரை செடி சருகு வேஷம் போடும். அதைத் தாண்டியதும் தன் பச்சை இலையைக் காட்டும். ஆல்டப்ரா தீவின் ராட்சத ஆமைகளை வைத்து இப்படி இருவகை இலையுள்ள தீவுச் செடிகளைச் சோதித்தபோது, அவை பெரும்பாலும் முதிர்ந்த இலைகளையே விரும்பித் தின்றன.

ஆமைக்கு எதிராகச் செய்துகொண்ட ஏற்பாடு ஆட்டிடம் பலிக்கவில்லை. லெகா வந்துபோன சுமார் நூறு ஆண்டுக்குள் அந்த ஆமைகள் தின்றே தீர்க்கப்பட்டன; கப்பல் கப்பலாக இறைச்சிக்கு ஏற்றிப் போனார்கள். பிறகு வந்த ஆடும் மாடும் எட்டியதையெல்லாம் கடித்தன. காட்டைக் கொளுத்திப் பயிர் வைத்தார்கள். 1874-ல் சூரியனைச் சுக்கிரன் கடப்பதைப் பார்க்க வந்த பிரிட்டிஷ் குழுவோடு ஐசக் பெய்லி பால்ஃபர் என்ற தாவரவியலாளரும் வந்தார். ரோட்ரிக்ஸின் செடிகொடிகளை முறையாகச் சேகரித்து எழுதியவர் அவரே. அவருக்குப் பிறகு காட்டுக் காப்பி கண்ணில் படுவது அரிதாகிக்கொண்டே போனது. இருபதாம் நூற்றாண்டின் நடுவில் அது அழிந்துபோன செடிகளின் கணக்கில் சேர்ந்துவிட்டது.

1980-ல், ஒரு பள்ளி ஆசிரியர் தீவின் அரிய செடிகளைத் தேடிவரும்படி தன் மாணவர்களிடம் சொன்னார். ஹெட்லி மனான் என்ற சிறுவன் ஒரு கிளையோடு வந்தான். அடர்காட்டிலிருந்து இல்லை, சாலையோரப் புதரிலிருந்து. மாதிரி லண்டனிலுள்ள கியூ அரச தாவரவியல் பூங்காவுக்குப் போனது. கஃபே மரோன்தான் என்று அங்கே உறுதி செய்தார்கள். மொரிசியஸைச் சேர்ந்த தேவா திர்வெங்கடும் என்ற தாவரவியலாளரும் கியூவின் பெர்னார்ட் வெர்ட்கோர்ட்டும் 1982-ல் ரமோஸ்மானியா என்ற புதுப் பேரினத்தை ஏற்படுத்தி, அதில் இதைச் சேர்த்தார்கள். திர்வெங்கடும் என்பது வேறு யாருமில்லை, நம் திருவேங்கடம்தான்.

கதை இங்கே சுபமாக முடியும் என்று எதிர்பார்த்தால் அந்தத் தீவின் சனங்களை மறந்துவிட்டோம் என்று பொருள். கஃபே மரோன் அவர்களுக்கு மருந்து. முந்தின இரவு குடித்த சாராயம் காலையில் தரும் தலைவலிக்கும், வெளியே சொல்லக் கூசும் சில நோய்களுக்கும் அதன் இலையையும் குச்சியையும் கொதிக்கவைத்துக் குடிப்பது பழைய வழக்கம். அறிவியல் ஏடுகளில் செத்துப்போன செடி, ஊர்ப் பாட்டிகளின் நினைவில் சாகவில்லை. அகப்பட்ட செய்தி பரவியதும் ஆட்கள் வெட்டுக்கத்தியோடு வந்தார்கள். செடியைச் சுற்றி வேலி போட்டார்கள். வேலி போட்டதாலேயே 'உள்ளே ஏதோ பெரிய சங்கதி இருக்கிறது' என்று வேலியைத் தாண்டினார்கள். அதைச் சுற்றி இன்னொரு வேலி. அப்புறம் காவலுக்கு ஆள். ஆங்கில நகைச்சுவை எழுத்தாளர் டக்ளஸ் ஆடம்ஸ், விலங்கியலாளர் மார்க் கார்வர்டைனோடு சேர்ந்து 1990-ல் வெளியிட்ட 'லாஸ்ட் சான்ஸ் டு சீ' புத்தகத்தில் இந்த வேலிக் கூத்தை எழுதியிருக்கிறார்.

நாற்றங்கால்காரருக்கு இதில் சிரிப்பு வரவில்லை. அவர் பாட்டியும் கஷாயம் வைத்தவர்தான். "அவர்கள் திருடர்கள் இல்லை. வீட்டு வாசலில் ஒன்று இருந்தால் வேலியேறி வருவானா? கொல்லையில் துளசி இருப்பவன் கோயில் துளசியைப் பிடுங்கமாட்டான்." அவர் தொழிலின் மொத்தக் கொள்கையும் இதற்குள் அடக்கம். பாதுகாப்பு என்பதை மற்றவர்கள் கம்பியால் அளக்கிறார்கள், அவர் நாற்றுகளின் எண்ணிக்கையால் அளக்கிறார். யார் பக்கம் நியாயம் என்று என்னைக் கேட்டால், ஒரே ஒரு செடி நிற்கும்வரை கம்பிதான் சரி. ஆனால் கம்பி எந்தச் செடியையும் இரண்டாக்குவதில்லை.

இரண்டாக்குவதற்கான முயற்சி 1986-ல் நடந்தது. அந்த ஒற்றைச் செடியிலிருந்து சில குச்சிகளை வெட்டி விமானத்தில் கியூவுக்கு அனுப்பினார்கள். அதில் ஒன்று வேர் பிடித்தது.

ஒன்று என்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று குச்சி வைத்துப் பழகியவர்களுக்குத்தான் தெரியும். முருங்கைக் கிளையை ஒடித்து நட்டால் முளைக்கும் ஊரிலிருந்து பார்த்தால் இதன் கஷ்டம் புரியாது. முற்றின மரக்கட்டை வேர் விடாது, நுனித்தளிர் அழுகிவிடும், இரண்டுக்கும் நடுவில், பச்சை மாறிப் பழுப்பு தட்டத் தொடங்கும் இடத்தைப் பிடிக்க வேண்டும். வெயில் ஏறுமுன் வெட்டி, உடனே ஈரத்துணியில் சுற்றி, காற்றுப் புகாத பாலிதீன் பையில் போட வேண்டும். இலையை முழுதாக விட்டால் வேரில்லாத குச்சியின் ஈரத்தை அது உறிஞ்சி வெளியேற்றிவிடும். எல்லாவற்றையும் கிள்ளிவிட்டால் குச்சிக்குச் சாப்பாடு இல்லை. அதனால் பாதி இலையைக் கத்தரிப்பார்கள். கணுவுக்குச் சற்றுக் கீழே கூரான கத்தியால் ஒரே இழுப்பில் வெட்டி, வேரூக்கிப் பொடியில் தொட்டு, நீர் தேங்காத கலவையில் செருகி, மேலே ஈரப்புகை மாதிரி நீர் தெளித்துக்கொண்டே இருக்க வேண்டும். பிறகு தொடாமல் இருக்க வேண்டும். வேர் வந்துவிட்டதா என்று பிடுங்கிப் பார்க்கும் ஆவல்தான் புதியவர்களின் முதல் எதிரி என்பார் அவர்.

சாதாரணச் செடியென்றால் நூறு குச்சி வைத்து எண்பது போனாலும் கவலையில்லை. தாய்ச்செடியிலேயே சில கிளைகள்தான் என்றால், வெட்டுகிற ஒவ்வொரு வெட்டும் தாய்க்குக் காயம். கத்தியைச் சாராயத்தில் துடைத்துத் துடைத்துத்தான் வெட்டுவார்கள். ஒரு செடியின் நோய் அடுத்ததற்குப் போய்விடக் கூடாது. தான் பழகிய கருவிகளில் தனக்கு மிகவும் பிடித்தது கத்தியல்ல, பென்சில் என்று அவர் சொன்னார். எந்தக் கிளை, எந்தத் தேதி, எந்தக் கலவை என்று எழுதி வைக்காதவன் கையில் அரிய செடியைக் கொடுக்கக் கூடாதாம்.

கியூவில் பிழைத்த அந்த ஒரு குச்சியிலிருந்து மேலும் பல குச்சிகள் எடுத்துச் செடிகள் ஆக்கினார்கள். எல்லாம் ஒரே செடியின் நகல்கள். பூத்தன, ஏராளமாகப் பூத்தன. ஒரு காய் கூடப் பிடிக்கவில்லை. மகரந்தம் இருந்தது, அதைச் சூல்முடியில் தடவினாலும் உள்ளே இறங்கவில்லை. தன் மகரந்தத்தையே தான் மறுக்கும் குணம் பல செடிகளுக்கு உண்டு. நெருங்கிய உறவில் சந்ததி உண்டாகாமல் தடுக்க அது நல்ல ஏற்பாடுதான். கூட்டமாக வாழும் காலத்தில் போட்ட சட்டம் தனியாக நிற்கும்போது தூக்குக்கயிறு ஆகிறது.

'பக்கத்தில் இன்னொன்று இருக்கிறதா' என்ற கேள்வியின் கனம் இங்கேதான் தெரிகிறது. மொரிசியஸின் கியூர்பிப் தாவரவியல் பூங்காவில் ஒரு பனையினம் இருக்கிறது, ஹயோபோர்பே அமரிகாலிஸ். உலகத்திலேயே அந்த ஒரு மரம்தான். ஆண்பூவும் பெண்பூவும் அதே மரத்தில்தான் வருகின்றன, ஆனால் வெவ்வேறு சமயத்தில். சோதனைக்கூடத்தில் கருவை எடுத்து முளைக்கவைத்துப் பார்த்தார்கள். மண்ணுக்கு மாற்றியபோது நிலைக்கவில்லை. தொழிலுக்குப் புதிதாய் வருகிறவர்களை நாற்றங்கால்காரர் முதலில் அந்தப் பனையைப் பார்த்துவிட்டு வரும்படி அனுப்புவார். திரும்பி வந்து 'சீக்கிரம் ஏதாவது செய்ய வேண்டும்' என்று பதறுகிறவர்களைச் சேர்த்துக்கொள்வார். 'என்ன அழகான மரம்' என்றவர்களுக்கு வேறு வேலை கொடுப்பார்.

கஃபே மரோனுக்கு வழி பிறந்தது 2003-ல். ஸ்பெயினின் அஸ்துரியாஸிலிருந்து பிழைப்புக்காக லண்டன் போய், கியூவுக்குப் புதிதாக வந்திருந்த கார்லோஸ் மக்தலேனா, காய்க்காத அந்தச் செடியை விட மனமில்லாமல் பிடித்துக்கொண்டார். பூவுக்குப் பூ கையால் மகரந்தம் தடவிப் பார்த்தார். மறுப்பது சூல்முடிதானே என்று அதை நறுக்கி எடுத்துவிட்டு, சூல்தண்டின் வெட்டு வாயிலேயே மகரந்தத்தை வைத்தார். கடைசியில் காய் பிடித்தது. உள்ளே விதையும் இருந்தது. 1986-லிருந்து பதினேழு ஆண்டுகள் எத்தனையோ பூக்கள் வீணாக உதிர்ந்த பிறகு கிடைத்த விதை. ருவாண்டாவில் காட்டிலிருந்தே மறைந்துவிட்டதாக அப்போது கருதப்பட்ட, உலகின் மிகச் சிறிய அல்லியான நிம்பேயா தெர்மேரத்தை 2009-ல் முளைக்கவைத்து வளர்த்தவரும் இதே மக்தலேனாதான்.

இந்தச் செய்தி மொரிசியஸுக்கு வந்தபோது நாற்றங்கால்காரருக்குப் பொறாமை எதுவும் இல்லை. ஒரு ருசியான சமையல் குறிப்பைக் கேட்டதுபோல, "எந்த இடத்தில் வெட்டினாராம்?" என்றுதான் கேட்டார். பெரிய படிப்போ எந்திரமோ இல்லாமல், கத்தியும் பொறுமையும் வைத்துச் செய்த காரியம் என்பதில் அவருக்குத் தனிப் பெருமை. தம் வேலையை அறிவியலுக்குக் கீழே ஒரு படி என்று எண்ணுகிறவர்களிடம் இதைத்தான் எடுத்துக்காட்டுவார்.

விதைகள் ரோட்ரிக்ஸுக்குத் திரும்பின. அங்கிருந்து தொடங்குகிறது யாரும் படம் எடுக்காத வேலை.

ரோட்ரிக்ஸில் தண்ணீர் தட்டுப்பாடு எப்போதும் உண்டு. மழை ஒரு பருவத்தில் கொட்டும், மறு பருவத்தில் ஏமாற்றும். நடுவில் புயல் வரும். நிழல்வலைக்குள் செல்லமாக வளர்ந்த நாற்றை நேரே மலைச்சரிவில் வைத்தால் ஒரு வாரத்தில் கருகிவிடும். முதலில் வலையின் ஓரத்துக்கு, பிறகு பாதி வெயிலுக்கு, பிறகு முழு வெயிலுக்கு என்று கொஞ்சம் கொஞ்சமாகப் பழக்க வேண்டும். தண்ணீரையும் படிப்படியாகக் குறைக்க வேண்டும். நாற்று வாடித் தலை தொங்கும்போது பூவாளியை எடுக்காமல் நிற்பதற்கு ஒரு கல்மனம் வேண்டும் என்றார். மிதமிஞ்சிய தண்ணீரில் அழுகிச் செத்த நாற்றுகள், காய்ந்து செத்தவற்றைவிட அதிகம் என்பது அவர் கணக்கு.

நட்ட பிறகு களை. நம்மூர் உண்ணிச்செடி அங்கேயும் உண்டு, சூபாபுல் உண்டு, நம் கருவேலமும் அங்கே போய் முள்காடாகிக் கிடக்கிறது. இங்கே வேலிக்கும் விறகுக்கும் ஆகிற மரங்கள் அங்கே வந்தேறிகள். கிராந்த் மொந்தாஞ் காப்பகத்தில் மொரிசிய வனவிலங்கு அறக்கட்டளையின் ஆட்களும் வனத்துறையினரும் ஆண்டுக்கணக்கில் செய்துவருவது பெரும்பாலும் இதுதான்: வந்தேறியை வெட்டுவது, நாட்டுச் செடியை நடுவது, மறுபடி முளைத்த வந்தேறியை மறுபடி வெட்டுவது. ஒரே நேரத்தில் எல்லாக் களையையும் மொட்டையடித்தால் வெயில் இறங்கி நாற்று செத்துவிடும். நிழலுக்குக் கொஞ்சம் எதிரியை விட்டுவைத்து, நாற்று தலையெடுத்ததும் அதை வெட்டுவதில் இருக்கிறது கைத்திறன்.

பலன் பூவில் மட்டும் தெரியவில்லை. ரோட்ரிக்ஸுக்கே உரிய பழந்தின்னி வௌவால் 1970-களில் நூறுக்கும் கீழே போயிருந்தது. இயற்கையியலாளர் ஜெரால்ட் டரல் அதைப் பிடித்து வளர்த்துப் பெருக்குவதற்காகவே தீவுக்கு வந்து, அந்தப் பயணத்தைப் புத்தகமாகவும் எழுதினார். இன்று ஆயிரக்கணக்கில் பறக்கிறது. மரங்கள் திரும்பியதும் தீவின் மஞ்சள் ஃபோடிக் குருவியும் கதிர்க்குருவியும் பெருகின. 2007-ல் திறந்த பிரான்சுவா லெகா காப்பகத்தில் ஆல்டப்ராவிலிருந்தும் மடகாஸ்கரிலிருந்தும் கொண்டுவந்த ஆமை இனங்கள், செத்துப்போன ஆமைகளின் இடத்தில் மேய்கின்றன. சருகு வேஷம் போடும் செடிகளுக்கு அதைக் காட்ட மறுபடி ஓர் ஆமை கிடைத்திருக்கிறது.

தமிழர்களுக்கு நெருக்கமான சேதி ஒன்றும் அவரிடம் உண்டு. மொரிசியஸில் காத்ர் போர்ன் ஊரை ஒட்டி கோர் தெ கார்த் மலை நிற்கிறது. அதன் சரிவில் முருகன் கோயில். தைப்பூசத்தன்று நாடே விடுமுறை. காவடிகள் அந்தப் படியேறும். சிறுவயதிலிருந்து அவரும் ஏறியவர். அதே மலையின் மேல்பக்கத்தில்தான் 2001-ல் ட்ரோஷெஷியா பார்விஃப்ளோரா என்ற பூஞ்செடியை மறுபடி கண்டார்கள். 1863-க்குப் பிறகு யார் கண்ணிலும் படாமல், அழிந்ததாகவே கருதப்பட்டிருந்த செடி. கண்டவர்கள் வின்சென்ட் புளோரன்ஸ், ஜான்-குளோத் செவத்தியான் ஆகிய மொரிசியத் தாவரவியலாளர்கள். இங்கே நாற்றங்கால்காரரின் கேள்விக்கு நல்ல பதில் வந்தது: பக்கத்தில் இன்னும் பல பத்துச் செடிகள் இருந்தன. அதன் உறவான ட்ரோஷெஷியா பூத்தோனியானாதான் மொரிசியஸின் தேசிய மலர். நாடு குடியரசான 1992 மார்ச் 12-ல் அறிவித்தார்கள். கம்மல் போலத் தொங்கும் சிவந்த பூ. அதன் தேனும் சிவப்பு. நிறமுள்ள தேனைத் தேடிவருபவை பச்சைநிறப் பகல் பல்லிகள். தேசிய மலராகி அஞ்சல்தலை வரைக்கும் போன அந்தப் பூவும் இயற்கையாக வளர்வது லெ மோர்ன் என்ற ஒற்றை மலையில் மட்டும்தான்.

பல்லி இருந்தால்தான் பூ காய்க்கும். பல்லி ஒளிய முள்தாழை வேண்டும். இன்னொரு ட்ரோஷெஷியா இனத்தில், தாழைப் புதருக்குப் பக்கத்தில் நின்ற செடிகளே அதிகம் காய்த்ததாக ஆய்வு செய்தவர்கள் சொல்கிறார்கள். அதைப் படித்துச் சொன்னபோது நாற்றங்கால்காரர் தன் கேள்வியைக் கொஞ்சம் மாற்றிக்கொண்டாராம். பக்கத்தில் இன்னொன்று இருக்கிறதா என்பதோடு, வேறு யார் இருக்கிறார்கள் என்றும் கேட்க வேண்டும். அரிய செடியோடு தாழையையும் சேர்த்து நாற்றுவிட்டால் அதிகாரிகள் முகம் சுளிப்பார்கள். சாதாரணத் தாழைக்கு எதற்குப் பணம் என்பார்கள். அந்தச் சண்டையில் தான் பாதிதான் ஜெயித்தேன் என்றார்.

ரோட்ரிக்ஸ் வீட்டு வாசல்களில் கஃபே மரோன் நிற்க வேண்டும், யாருக்காவது தலைவலி வந்தால் கிள்ளிக்கொள்ளட்டும் என்பது அவருடைய ஆசை. அறிஞர்களில் சிலர் இதை ஒப்பமாட்டார்கள். ஒரே தாயின் வழிவந்த செடிகளை எத்தனை ஆயிரம் பெருக்கினாலும் ஒரு பூச்சி, ஒரு பூஞ்சை எல்லாவற்றையும் சேர்த்து வீழ்த்தலாம் என்ற அவர்கள் பயமும் பொய்யில்லை. இருந்தாலும் பத்து வேலிக்குள் பத்துச் செடியைவிட, ஆயிரம் வாசலில் ஆயிரம் செடி மேல் என்றே எனக்கும் படுகிறது.

மொரிசியஸுக்குச் சுற்றுலா போகும் தமிழர்கள் கடற்கரையோடு திரும்பிவிடுகிறார்கள். ஒன்றரை மணி நேர விமானப் பயணத்தில் ரோட்ரிக்ஸ் இருக்கிறது. கிராந்த் மொந்தாஞ்சுக்கு வழிகாட்டியோடு போய்ப் பார்க்கலாம். போகிறவர்களுக்கு நாற்றங்கால்காரர் சொல்லியனுப்பியது இரண்டு. காப்பகத்துக்குள் காலெடுத்து வைக்குமுன் செருப்பின் அடியைத் தேய்த்துக் கழுவுங்கள். உண்ணிச்செடி விதை நம் காலோடுதான் போகிறது. பூவோ இலையோ காயோ, தரையில் உதிர்ந்து கிடந்தாலும் எடுத்துப் பைக்குள் போடாதீர்கள்.